வீட்டுக்குள் மட்டும் பெய்த மழை

பிரான்சில் நான் முதலில் பொறாமைப்பட்டது ஒரு பசுமாட்டைப் பார்த்துத்தான். ரயில் ஜன்னலுக்கு வெளியே முழங்கால் உயரப் புல்லுக்கு நடுவில் அது படுத்திருந்தது. மேயவில்லை. கண்ணுக்கு எட்டிய வரை பச்சை, அதுவோ வேறு எதையோ பார்த்துக்கொண்டிருந்தது. எங்கள் பரளச்சியில் சித்திரை மாதம் மாடுகள் சுவரொட்டியைக் கிழித்துத் தின்னும். தேர்தல் வருடம் என்றால் அவற்றுக்கு விருந்து. இந்த மாட்டுக்குப் புல் சலித்துப்போயிருந்தது.

எழுபதுகளின் கடைசி அது. அருப்புக்கோட்டையில் ஒரு நூற்பாலையில் ஃபிட்டராக இருந்தேன். முதலாளி பிரான்சிலிருந்து நூல் சுற்றும் இயந்திரங்களை வரவழைக்க ஏற்பாடு செய்திருந்தார். கழற்றிப் பூட்டக் கற்றுக்கொள்ள ஒரு ஆளை மூன்று வாரம் அனுப்புங்கள் என்று அங்கிருந்து கடிதம் வந்தது. போக வேண்டிய என்ஜினியரின் மனைவிக்கு அது பிரசவ மாதம். ஆகவே நான் போனேன். புறப்படும்வரை மில்லில் எல்லோரும் என்மேல் பொறாமைப்பட்டார்கள். வாழ்க்கையில் அது புது அனுபவம். ஊர் எல்லையைத் தாண்டியதும் என் முறை வந்துவிட்டது.

நான் போய் இறங்கியது பிரான்சின் வடக்கே, பெல்ஜியம் எல்லையை ஒட்டிய ஒரு நெசவு ஊர். எல்லா வீடும் செங்கல், எல்லா வீடும் ஒட்டிக்கொண்டு நின்றன. நடுவே புகைபோக்கிகள். ஸ்டேஷனில் என் பெயரை அட்டையில் தமிழில் எழுதிப் பிடித்துக்கொண்டு ஒருவர் நின்றிருந்தார். லூர்துநாதன், பாண்டிச்சேரிக்காரர். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு, இப்போது அந்த இயந்திரக் கம்பெனியில் ஸ்டோர் கீப்பர். மூன்று வாரமும் எனக்கு வாயும் காதும் அவர்தான்.

"வாங்க தம்பி. குளுருதா?" என்றார்.

"இல்லண்ணே," என்றேன். பல் அடித்துக்கொண்டிருந்தது.

தங்கியது ஒரு விதவை அம்மாளின் வீட்டு மாடியறையில். மறுநாள் காலை அந்த அம்மாள் கஞ்சி குடிக்கிற கும்பா அளவுக்கு ஒரு கிண்ணம் நிறையக் காப்பி வைத்தார். இரண்டு கையாலும் தூக்கிக் குடிக்க வேண்டும். ஒரு முழ நீள ரொட்டி, வெண்ணெய், அப்புறம் ஒரு பாலாடைக்கட்டி. அதன் வாடையை நான் இங்கே எழுதப்போவதில்லை. என் மனைவி கட்டிக்கொடுத்த இட்லிப்பொடியை எடுத்து வெண்ணெய்மேல் தூவிச் சாப்பிட்டேன். அந்த அம்மாள் உற்றுப் பார்த்துவிட்டு ஒரு விரல் தொட்டு நக்கினார். விக்கல் எடுத்து, கண் கலங்கி, சன்னலைத் திறந்துவிட்டு நின்றார். மறுநாள் காலை அவர் தட்டுக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கரண்டி தயாராக இருந்தது.

செவ்வாய்க்கிழமை பஸ்ஸை எதிர்ப்பக்கம் பிடித்துவிட்டேன். எங்கள் ஊரில் இந்தத் தப்பைச் செய்யவே முடியாது. ஒரே பஸ்தான், போனதுதான் திரும்ப வர வேண்டும். ஊர்களெல்லாம் தீர்ந்து, கிழங்கு வயல்களும் தீர்ந்து, ஒரு மாதா கோவில் வாசலில் பஸ் நின்றது. என்னையும் டிரைவரையும் தவிர ஆளில்லை. அவர் என்னமோ கேட்டார். நான் கம்பெனிப் பெயர் எழுதிய காகிதத்தைக் காட்டினேன். சிரித்தார். கைக்கடிகாரத்தைக் காட்டி, அரைமணி நேரம் என்று சைகை செய்து, தன் ரொட்டியில் பாதியைப் பிட்டுக் கொடுத்தார். வெளியே தூறல். வயலில் தண்ணீர் தேங்கி நின்றது. அதை வடித்து வெளியேற்ற ஓரத்தில் வாய்க்கால் வெட்டியிருந்தார்கள். தண்ணீரை வெளியே அனுப்ப வாய்க்கால்! 

மழை தினமும் பெய்தது. ஒர்க்‌ஷாப்பில் எனக்குக் கற்றுக்கொடுத்த இரண்டு பேரும் காலையில் வந்ததும் தொப்பியை உதறிவிட்டு எதையோ திட்டுவார்கள்.

"என்னண்ணே சொல்றாக?"

"சனியன் பிடிச்ச மழைன்றாங்க."

எனக்குக் கோபம் வந்தது. நான் ஊரைவிட்டுக் கிளம்பியது ஐப்பசி. அண்ணன் பரளச்சியில் இரண்டு குறுக்கம் மானாவாரி நிலத்தில் கொத்தமல்லியும் பருத்தியும் விதைத்துவிட்டு, தலையை அண்ணாந்தபடியே நடமாடிக்கொண்டிருந்தான். கரிசல் மண் கையை விடுகிற அளவுக்கு வெடித்திருந்தது. இங்கே வானம் கேட்பாரில்லாமல் கொட்டியது. அந்த இரண்டு பேரும் நல்ல மனிதர்கள். ஆனால் மழையைத் திட்டுகிறவனோடு ஒரு வாரம் முழுக்க மனதார என்னால் பேச முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் லூர்துநாதன் வந்தார்.

"தம்பி, ஒரு படம் காட்டுறாங்க. எடுத்தவன் இந்த ஊர்ப் பையன். இப்பப் பாரிசுல பெரிய ஆளு. அவனே வந்திருக்கான். வாங்க போவோம்."

"என்ன கதைண்ணே?"

"அவன் சின்னப் பிள்ளையா இருந்தப்போ வீட்டுல இருந்த கஷ்டம்."

கஷ்டம் என்றதும் எனக்கு ஒரு அலட்சியம் வந்தது. இந்த ஊரில் என்ன கஷ்டம் இருந்திருக்கும்? வெண்ணெய் தீர்ந்திருக்கும்.

மில் தொழிலாளர்களின் மன்றம் ஒன்றில் நீளமான கூடம். மடக்கு நாற்காலிகள். கிழவர்கள், கிழவிகள், குழந்தைகளோடு குடும்பங்கள். ஈரக் கம்பளி வாடை. நாங்கள் ஓரத்தில் உட்கார்ந்தோம். லூர்துநாதன் என் காதில் ஓதிக்கொண்டே வந்தார். சீக்கிரமே அது தேவைப்படவில்லை.

படத்தில் ஒரு வீடு. ஒரே அறை, ஏழு பிள்ளைகள். படுக்க இடமில்லை. அதனால் அம்மா சின்னப் பிள்ளைகள் நாலு பேரையும் சட்டைக் காலரைப் பிடித்துத் தூக்கிச் சுவரில் இருக்கும் கொக்கிகளில் மாட்டிவிடுகிறாள். அவர்கள் அங்கே தொங்கியபடி ஆடிக்கொண்டே கதை பேசித் தூங்குகிறார்கள். ஒருவரும் இதை அதிசயமாக நினைக்கவில்லை. அம்மா கடைசிப் பிள்ளைக்குத் தொங்குகிற இடத்திலேயே முத்தம் கொடுக்கிறாள்.

பள்ளிக்கூட வாத்தியார் விருந்துக்கு வருகிறார். வீட்டில் ஒன்றுமில்லை. வெறும் தட்டுகளை வைத்துவிட்டு, குடும்பமே ஸ்பூனால் தட்டைச் சுரண்டி, வெறும் வாயை மென்று, உதட்டைத் துடைக்கிறது. வாத்தியார் மரியாதைக்கு அதேபோல் செய்கிறார். இரண்டாம் முறை கேட்டு வாங்கிக்கொள்கிறார். கடைசியில் ஏப்பம் விட்டு, பெல்ட்டைத் தளர்த்திக்கொண்டு, "அடுத்த முறை உப்பு கொஞ்சம் குறையுங்கள்" என்று சொல்லிவிட்டுப் போகிறார்.

அப்பா சாகிறார். சவப்பெட்டிக்கு வழியில்லை, வீட்டிலிருந்த ஒரே அலமாரியில் வைத்துத் தூக்குகிறார்கள். உள்ளே இருந்த கோப்பைகளை எடுக்க மறந்துவிட்டார்கள். கல்லறை வரைக்கும் கோப்பைகள் கலகலவென்று சத்தம் போடுகின்றன. பின்னால் வருகிற பக்கத்து வீட்டுக்காரி சொல்கிறாள்: "பாவி மனுஷன், உயிரோடு இருந்தபோது அவருக்கு இத்தனை கோப்பை கிடையாது."

கூடம் சிரிப்பில் ஆடியது. எனக்கு முன்னால் இருந்த கிழவர் சிரித்துச் சிரித்து இருமினார்.

பிறகு மழை வந்தது. அந்த வீட்டுக்குள் மட்டும் பெய்கிறது. வெளியே நல்ல வெயில். அக்கம்பக்கத்தார் துணி காயப்போடுகிறார்கள். அம்மா வாசற்படியில் குடையை விரித்துக்கொண்டு உள்ளே வருகிறாள், வெளியே போகும்போது மடக்கிக்கொள்கிறாள். சட்டியில், தொட்டிலில், தொங்குகிற பிள்ளைகளின் தலையில் எல்லாம் மழை. ஜனங்கள் கைதட்டிச் சிரித்தார்கள்.

நான் அழுதுகொண்டிருந்தேன்.

லூர்துநாதன் என் தோளைத் தொட்டார். "என்ன தம்பி, ஊரு ஞாபகமா?"

"இல்லண்ணே. பொறாமையா இருக்கு."

அவர் விளையாட்டு என்று நினைத்துக்கொண்டார். நான் உண்மையைத்தான் சொன்னேன். அவர்களுக்கு வறுமையிலும் மழை இருந்தது. அதைவிட, அந்த வறுமையை எடுத்து இப்படி வெளிச்சத்தில் விரித்துப்போட ஒருவனுக்குத் தைரியம் இருந்தது. என் வறுமையை என் மனைவிக்குக்கூட நான் சொன்னதில்லை. அருப்புக்கோட்டையில் பெண் பார்க்கப் போனபோது, "அப்பா சம்சாரி, நிலபுலம் உண்டு" என்றுதான் சொல்லியிருந்தேன். இவன் ஊரைக் கூப்பிட்டு, விளக்கை அணைத்து, பெரிய திரையில் காட்டுகிறான். கைதட்டும் வாங்கிக்கொள்கிறான்.

படத்தின் கடைசியில் பண்டிகை நாள். ஏழு பிள்ளைகளுக்கும் சேர்த்து ஒரே ஒரு ஆரஞ்சுப் பழம் வருகிறது. சீட்டுப் போட்டதில் அந்தப் பையனுக்கு விழுகிறது. அவன் அதைக் கையில் வைத்து ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, காய்ச்சலில் கிடக்கும் அக்காவின் கையில் கொடுத்துவிடுகிறான். ஆரஞ்சு விளக்கு மாதிரி எரிகிறது. அதோடு படம் முடிந்தது.

விளக்கைப் போட்டார்கள். படம் எடுத்தவன் மேடைக்கு வந்தான். ரெனே என்று பெயர். முப்பத்தைந்து வயது இருக்கும். ஒல்லி, கசங்கிய கோட்டு. அவன் வாயைத் திறப்பதற்குள் முன்வரிசையில் ஒரு பெண் எழுந்துவிட்டாள். பருத்த உடம்பு, தலையில் ஸ்கார்ஃப். இடுப்பில் கை வைத்து ஒரே சத்தம். கூடம் மறுபடி சிரித்தது.

"யாருண்ணே இது?"

"அவனோட அக்கா, மார்த்தா. இங்க மில்லுலதான் வேல செய்யுது. பொய் சொல்றான்னு கத்துது. 'ஆரஞ்ச நீதான் தின்ன, தோலக்கூட எனக்குத் தரல'ன்னு சொல்லுது."

ரெனே முகம் சிவந்தான். தலையைச் சொறிந்தான். அப்புறம் மைக்கில் சொன்னான்: "ஆமாம், தின்றேன். அதனால்தான் படத்தில் கொடுத்துவிட்டேன்."

மார்த்தா விடவில்லை. "படத்தில் கொடுத்த ஆரஞ்சை நான் எப்படித் தின்பது?"

சிரிப்பு அடங்க வெகு நேரம் ஆயிற்று. அக்காவும் தம்பியும்கூடச் சிரித்தார்கள். நான் மட்டும் நாற்காலியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டிருந்தேன். ஒரு அக்கா, நூறு பேருக்கு முன்னால், தன் தம்பி செய்ததைச் சொல்லிச் சத்தம் போடுகிறாள். அவன் ஆமாம் என்று ஒத்துக்கொள்கிறான். முடிந்துவிட்டது. இவ்வளவுதானா? இவ்வளவு சுலபமா?

கேள்வி கேட்கலாம் என்றார்கள். நான் ஏன் எழுந்தேன் என்று இன்றைக்கும் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. அந்தக் கைதட்டலில் ஒரு பங்கு எனக்கும் வேண்டும் என்று இருந்தது. லூர்துநாதன் பதறி எழுந்து என் பக்கத்தில் நின்றார். நான் சொல்லச் சொல்ல அவர் பிரெஞ்சில் சொன்னார்.

"உங்க வீட்டுல ஏழு பேருக்கு ஏழு சட்டை இருந்துச்சு. அதனாலதான் கொக்கியில மாட்ட முடிஞ்சது. எங்க வீட்டுல நானும் எங்க அண்ணனும் ரெண்டு பேரு. சட்டை ஒண்ணு."

கூடம் திரும்பிப் பார்த்தது.

சொன்னேன். அண்ணன் என்னைவிட இரண்டு வயது மூத்தவன். அப்பா நான் பிறந்த மறுவருடமே போய்விட்டார். அம்மா பருத்தி எடுக்கவும் களை வெட்டவும் போவாள். எங்கள் இரண்டு பேரையும் ஒரே நாளில், ஒரே வகுப்பில் சேர்த்துவிட்டாள். சட்டை போடாமல் வந்தால் வாத்தியார் உள்ளே விடமாட்டார். அதனால் ஒருநாள் அண்ணன், ஒருநாள் நான். பள்ளிக்கூடத்தில் மத்தியானச் சோறு போடுவார்கள். யார் உடம்பில் சட்டையோ அவன் வயிற்றில் சோறு. மற்றவன் ஆடு மேய்ப்பான். வாத்தியார் ஆஜர் பட்டியலில் எங்கள் இரண்டு பெயரையும் சேர்த்து ஒரே வரியில் எழுதிக்கொண்டார். ஒற்றைப்படைத் தேதியில் நடத்திய கணக்கு எனக்குத் தெரியும், இரட்டைப்படைத் தேதிக் கணக்கு அண்ணனுக்குத் தெரியும்.

சிரித்தார்கள். ரெனேதான் எல்லோரையும்விட அதிகம் சிரித்தான். மேடை விளிம்புக்கே வந்து உட்கார்ந்துகொண்டான். என் உடம்பு லேசாகிவிட்டது. இப்படி ஒரு கூட்டம் என் வாயைப் பார்த்து உட்கார்ந்ததே இல்லை.

"அப்புறம்?" என்று கேட்டான் ரெனே. "ஒரே சட்டையில் இரண்டு பேரும் படித்து முடித்தீர்களா?"

அந்த இடத்தில் நான் நின்றேன்.

நடந்தது இது. ஐந்தாம் வகுப்பு முடிகிற சமயம். திருச்சுழியில் ஏழைப் பிள்ளைகளுக்கான இலவச விடுதிக்கு ஆள் எடுக்க ஒரு ஆபீசர் வந்தார். வீட்டுக்கு ஒரு பிள்ளைதான். அன்று இரட்டைப்படைத் தேதி, அண்ணனின் நாள். அவன் விடிந்ததும் கம்மாய்க்குக் குளிக்கப் போனான். நான் கொடியிலிருந்த சட்டையை எடுத்து, ஈரம் காயாததைப் பார்க்காமல் மாட்டிக்கொண்டு ஓடினேன். ஆபீசர் என்னை வாசிக்கச் சொன்னார், வாசித்தேன். பெயர் எழுதிக்கொண்டார். அப்போது ஜன்னல் வழியாகப் பார்த்தேன். கருவேல முள் வேலிக்கு வெளியே அண்ணன் வெறும் உடம்போடு நின்றுகொண்டிருந்தான். கூப்பிடவில்லை. என்னையே பார்த்தான். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். மறுவாரம் விடுதிக்குப் போனேன். அதற்குள் பதினேழு வருடம் ஆகியிருந்தது. அதைப்பற்றி அவனும் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை.

"அப்புறம் என்ன," என்றேன், கூடத்தைப் பார்த்து. "எங்க அண்ணன் எனக்கே சட்டைய விட்டுக்குடுத்துட்டான்."

லூர்துநாதன் அதைச் சொல்லி முடித்ததும் கூடம் முழுக்க ஒரு பெருமூச்சு எழுந்தது. கைதட்டினார்கள். ஒரு கிழவி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ரெனே இறங்கி வந்து என் கையைக் குலுக்கி, "இதை என்னிடம் கொடுங்கள், அடுத்த படத்தில் வைக்கிறேன்" என்றான். என்மேல் ஒரு பிரெஞ்சுக்காரன் பொறாமைப்பட்டான். அதற்குத்தானே எழுந்தேன்? கிடைத்துவிட்டது. ஆனால் அவன் கையை விட்டதும் நான் வாசலைப் பார்த்து நடந்தேன்.

வாசலில் மழைக்கு ஒதுங்கி நின்றபோது மார்த்தா வந்தாள். என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு லூர்துநாதனிடம் ஏதோ கேட்டாள். அவர் தயங்கினார்.

"சொல்லுங்கண்ணே."

"உங்க அண்ணன் இங்க இருந்தா, அவரும் இதே மாதிரிதான் சொல்லுவாரான்னு கேக்குது."

 அவள் பதிலுக்காகக் காத்திருக்கவில்லை. ஸ்கார்ஃபை இழுத்து முடிந்துகொண்டு, வாசலில் நின்ற தம்பியின் முதுகில் ஒரு அடி போட்டு, அவன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மழையில் இறங்கிப் போனாள். இரண்டு பேரும் தெருக்கோடி வரை சண்டை போட்டுக்கொண்டே போனார்கள்.

மிச்சம் இருந்த இரண்டு வாரத்தில் இயந்திரத்தைக் கழற்றவும் பூட்டவும் நன்றாகவே கற்றுக்கொண்டேன். சாப்பாடும் பழகிவிட்டது. அந்த நாற்றம் பிடித்த பாலாடைக்கட்டியைத் தேடிச் சாப்பிடுகிற அளவுக்கு வந்துவிட்டேன். காகிதப் பொட்டலத்தில் சுடச்சுட உருளைக்கிழங்கு வறுவல் விற்கிற ஒரு வண்டிக்காரர் என்னைக் கண்டதும் ஒரு கரண்டி அதிகம் போடுவார். ஒருநாள் கால்வாய் ஓரம் நின்று அதைத் தின்றுகொண்டிருந்தபோது, ஒரு அண்ணனும் தம்பியும் ஒரே சைக்கிளில் போனார்கள். பின்னால் இருந்தவன் முன்னால் இருந்தவனின் தொப்பியைப் பிடுங்கித் தன் தலையில் வைத்துக்கொண்டான். முன்னவன் திரும்பிப் பார்க்காமலே அதைப் பிடுங்கிக்கொண்டான். வறுவலை அப்படியே வைத்துவிட்டேன்.

கிளம்புகிற அன்று வீட்டு அம்மாள் இட்லிப்பொடி டப்பாவைக் கழுவித் திருப்பிக் கொடுத்தார். உள்ளே கொஞ்சம் மிச்சம் இருந்ததே என்று பார்த்தால், அதை ஒரு சின்ன ஜாடிக்கு மாற்றித் தன் அலமாரியில் வைத்திருந்தார்.

அருப்புக்கோட்டைக்கு வந்து சேர்ந்தது கார்த்திகை. பஸ் ஸ்டாண்டில் இறங்கியதும் புழுதி வாடை மூக்கில் ஏறியது. அதிலேயே தெரிந்துவிட்டது, மழை இல்லை. வீட்டில் ஒருநாள் இருந்தேன். பிரான்ஸ் எப்படி இருந்தது என்று மனைவி கேட்டாள். மாட்டைப் பற்றிச் சொன்னேன். படத்தைப் பற்றிச் சொல்லவில்லை. மறுநாள் மத்தியானம் பரளச்சி பஸ் ஏறினேன். அண்ணனுக்கு ஒரு கம்பளிச் சட்டை வாங்கி வந்திருந்தேன். வழியில் அதை எடுத்துப் பார்த்தேன். அசிங்கமாக இருந்தது. திரும்பப் பைக்குள்ளேயே திணித்துவிட்டேன். அவனிடம் சட்டையைக் கொண்டுபோய் நீட்ட எனக்கு எப்படித் தோன்றியது என்று தெரியவில்லை.

பஸ் நிற்கிற இடத்தில் டீக்கடை. வெயில் சாய்கிற நேரம். வேலையில்லாத காலம் என்பதால் பெஞ்சு நிறைய ஆட்கள். அண்ணன் ரோட்டுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தான். என்னவோ சொல்லிக்கொண்டிருந்தான். நான் வருவதை எதிரில் இருந்தவர்கள் பார்த்துவிட்டார்கள். ஒருத்தர் சொல்ல வாயெடுத்தார். இன்னொருத்தர் அவர் தொடையைத் தட்டி அடக்கினார். எல்லோர் முகத்திலும் ஒரு விஷமச் சிரிப்பு. நான் பஸ்ஸின் பக்கத்திலேயே நின்றேன்.

"குளிச்சிட்டு வந்து பாக்குறேன், கொடியில சட்டையக் காணோம்," என்றான் அண்ணன். "எங்கிட்டுடா போச்சுன்னு ஓடுறேன். பாத்தா, சட்டை தனியா பள்ளிக்கூடத்துக்கு நடந்து போகுது. உள்ள ஆளு இல்ல. ரெண்டு கையையும் வீசிக்கிட்டு, அது பாட்டுக்குப் போகுது."

ஆட்கள் சிரித்தார்கள். 

"வாத்தியாரு ஆஜர் கூப்பிடுறாரு. சட்டை கையத் தூக்குது. சரி, வந்திருக்குன்னு எழுதிக்கிட்டாரு. மத்தியானம் வரிசையில நின்னு சோறு வாங்குது."

"எங்கிட்டுப்பா திங்கும்? வாயி இல்லையே?" என்று ஒருத்தர் எடுத்துக்கொடுத்தார். பலமுறை கேட்டு மனப்பாடமான கேள்வி என்று தெரிந்தது.

"காலரு வழியா."

டீக்கடைக்காரர் பாய்லரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"ஆபீசரு வாராரு. 'ஏலே, ஓம்பேரு என்ன?'ங்கறாரு. சட்டை பேசலை. 'ஆகா, அடக்கமான புள்ள'ன்னு எழுதிக்கிட்டுப் போயிட்டாரு. அம்புட்டுத்தான். சட்டை திருச்சுழிக்குப் போச்சு. படிச்சுச்சு. அருப்புக்கோட்டை மில்லுல வேலை. டவுனுலயே கல்யாணமும் கட்டிக்கிருச்சு. இப்ப என்னடான்னா பிரான்சுக்கே போயிருக்கு. அங்க குளிராமே, அதுக்கு மேல இன்னொரு சட்டை போட்டிருக்கும்."

"அப்ப நீயி?"

"நானா? நான் இன்னும் வேலிக்கு வெளியவே நிக்கிறேன்ப்பா, சட்டை எப்படா திரும்பி வரும்னு."

பெஞ்சே குலுங்கியது. அண்ணனும் தோள் குலுங்கச் சிரித்தான். மூன்று வாரம் நான் பட்ட பொறாமையெல்லாம் அந்த ஒரு நிமிடத்துக்கு முன்னால் ஒன்றுமே இல்லை. எவ்வளவு தூரம் போய், எவன் படத்தையோ பார்த்து, இப்படி ஒருத்தன் நமக்கு இல்லையே என்று ஏங்கி அழுதிருக்கிறேன். நான் நெஞ்சுக்குள் பூட்டி வைத்திருந்ததை வைத்து இவன் இந்த ஊரையே சிரிக்க வைத்துக்கொண்டிருந்திருக்கிறான். அதுவும் என்னைவிட எவ்வளவோ நன்றாக. என் கதையில் நான் இருந்தேன், பொய்யும் இருந்தது. அவன் கதையில் நானே இல்லை. ஆனால் ஒரு சொல்கூடப் பொய்யில்லை.

"அண்ணே," என்றேன்.

திரும்பினான். சிரிப்பு அப்படியே இருந்தது, கண் மட்டும் மாறியது. "ஏலே, எப்ப வந்த?"

நான் பையைக் கீழே வைத்தேன். சுற்றிலும் அத்தனை பேர். தனியாகக் கூட்டிக்கொண்டு போய்ச் சொல்லலாம். ஆனால் அப்படிப் போனால் சொல்லமாட்டேன் என்று எனக்கே தெரிந்தது.

"அண்ணே, அன்னிக்கு ஒன் மொறை. தெரிஞ்சேதான் எடுத்துப் போட்டுட்டு ஓடுனேன். நீ வேலிக்கிட்ட நின்னதையும் பாத்தேன்."

 டீக்கடைக்காரர் கிளாஸைக் கழுவுவதை நிறுத்தினார். அண்ணன் முழுசாக என் பக்கம் திரும்பி உட்கார்ந்தான்.

"தெரியும்ல," என்றான். "இதைச் சொல்றதுக்கு ஒனக்குப் பிரான்சு வரைக்கும் போயிட்டு வரணுமாலே?"

யாரும் சிரிக்கவில்லை. அவன் நகர்ந்து இடம் விட்டான். "உக்காரு." டீக்கடைக்காரரிடம் ஒரு விரலைக் காட்டினான். நான் உட்கார்ந்தேன்.

"வீட்டுல அம்மா இருக்கு, அதான் மொத ரெண்டு நாளு ஒன்னய அடிக்கணும்னு கம்மாய்க்கரையில காத்துக் கெடந்தேன்," என்றான், யாரிடமோ சொல்வதுபோல ரோட்டைப் பார்த்துக்கொண்டு. "நீ வேற வழியா வந்து போன. அப்புறம் ஹாஸ்டலுக்குப் போயிட்ட. ஆளு இல்லாம யாரை அடிக்க? அம்மாவுக்கு எல்லாம் தெரியும். ஒன்னயத் திட்டவும் முடியல, எம்மூஞ்சியப் பாக்கவும் முடியல. நீ போன அன்னைக்கு இருந்து அது சோறே திங்கல. மூணாம் நாளு நான் இந்தக் கதையச் சொன்னேன். அதுக்காகத்தான் கட்டுனேன். அழுதுக்கிட்டே கேட்டுச்சு. காலரு வழியாத் தின்னுச்சுன்னேன் பாரு, அந்த எடத்துல சிரிச்சிருச்சு. அப்புறம்தான் கஞ்சியக் குடிச்சுச்சு."

டீ வந்தது. நான் கையில் வாங்கினேன், குடிக்கவில்லை.

எங்கள் அம்மா செத்து அப்போது இரண்டு வருடம் ஆகியிருந்தது. விடுதியிலிருந்து லீவுக்கு வருவேன், மில் வேலையிலிருந்து மாதம் ஒருமுறை வருவேன். துணி, பழம், மருந்து எல்லாம் கொண்டு வருவேன். அவள் என்னைத் தடவிக்கொடுப்பாள், சாப்பிடச் சொல்வாள். அவள் சிரித்து நான் பார்த்ததில்லை. அப்படி ஒன்று அவளுக்கு உண்டு என்பதே எனக்குத் தெரியாது.

"அண்ணே," என்றேன். "அம்மா எப்படிச் சிரிச்சுச்சு?"

 அண்ணன் தோளில் கிடந்த துண்டின் முனையை எடுத்து வாயைப் பொத்திக்கொண்டான். தலையைக் குனிந்து, கண்ணை இடுக்கிக்கொண்டு, சத்தமே வராமல் வயிறு மட்டும் குலுங்கக் குலுங்கச் சிரித்துக் காட்டினான். முப்பது வயது மீசைக்காரன் ஒருவன் எங்கள் அம்மாவாக இருந்தான். அந்த நேரம் முழுக்க நான் கண்ணை எடுக்கவில்லை.

"இன்னொரு தடவை," என்றேன்.